பெருவின் தலைநகரம் தேங்காப்பட்டணம்

பெரு நாட்டின் தலைநகரம் எது என்று கேட்டால் ஞானபாய் தேங்காப்பட்டணம் என்பாள். நார்வேக்கு? தேங்காப்பட்டணம். பொலிவியாவுக்குத் தலைநகரம் இரண்டு உண்டே, இரண்டையும் சொல் பார்ப்போம் என்றால், ஒன்று தேங்காப்பட்டணம், மற்றது அதற்கு அக்கரையில் இருக்கிற இரையுமன்துறை என்பாள். இரண்டும் அவள் பிறந்த வீட்டுப் பக்கத்துக் கடற்கரை ஊர்கள். கேட்கிற மகனுக்குச் சிரிப்பில் புரை ஏறும். புருஷன் மட்டும் சிரிக்க மாட்டார். உலக நாடுகளை வைத்து விளையாடுவது அவருக்குப் பிடிக்காது.

புருஷன் ராஜையா, பாறசாலைப் பக்கம் ஒரு தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் சரித்திரமும் பூகோளமும் சொல்லிக்கொடுக்கிற சார். உதியன்குளங்கரையிலிருந்து தெற்கே இறங்குகிற மண்பாதையில் அவர்கள் வீடு. மெட்ராஸைக்கூட நேரில் பார்த்ததில்லை மனிதர். ஆனால் மடகாஸ்கரில் என்ன விளையும், துருக்கி சுல்தானை எந்த வருஷம் இறக்கினார்கள், டான்யூப் ஆறு எத்தனை நாடுகளைத் தொட்டுக்கொண்டு போகிறது என்றெல்லாம் தூக்கத்தில் தட்டி எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவார். தப்பாகச் சொல்லமாட்டார். தெரியாததைத் தெரியாது என்று சொல்லுவாரே தவிர, ஒப்பேற்றுகிற பழக்கம் கிடையாது.

அந்த வீட்டில் ராச்சாப்பாட்டுக்கு ஒரு சட்டம் உண்டு. முதலில் ஜெபம், பிறகு ஒரு நாடு. ராஜையா நாட்டைச் சொல்ல, பதில் சரியாகச் சொன்னவருக்கு முதலில் கஞ்சி. தப்பாகச் சொன்னவர் கடைசியில். மகன் சத்தியதாஸ் நாலு வயதிலேயே ஜப்பான், டோக்கியோ என்று சொல்லி மரச்சீனிக் கிழங்கைக் கையில் வாங்கியவன். பிறகு அவன் கேட்க அப்பா பதில் சொல்லுவார், அவருக்கும் கஞ்சி ஆயிற்று. கடைசிக் கேள்வி ஞானபாய்க்கு. அவள் தேங்காப்பட்டணம் என்பாள். அப்பனும் மகனும் தின்று எழுந்த பிறகு சட்டியில் மிச்சம் கிடக்கிற சாளை மீனின் சாற்றையும் கிழங்குத் துண்டையும் அவள் எடுத்துக்கொள்ளுவாள்.

“நாலாங்கிளாஸ் படிச்சவளாக்கும் நீ. இருவது வருசமா காதுல போட்டும் ஒண்ணுகூட ஏறலியே” என்பார் ராஜையா.

“எனக்க மண்டையில களிமண்ணு. அதுல கிழங்குதான் விளையும், நாடு விளையாது” என்பாள். அதற்கும் மகன் சிரிப்பான். ஒரே பிள்ளை. அவன் சிரித்தால் அவளுக்கு வயிறு நிறைந்துவிடும்.

இன்னொரு சட்டம் வீட்டுச் சட்டம் அல்ல, ஊர்ச் சட்டம். யாரும் எழுதி வைத்ததில்லை. எந்தப் பாஷையில் ஒருவர் கேட்கிறாரோ அந்தப் பாஷையில் பதில் சொல்ல வேண்டும். அதுதான் மரியாதை. வேலிக்கு அப்புறம் சரோஜம் வீடு, நாயர் வீடு. “எந்தா ஞானபாயி, இன்னு மீன் கிட்டியோ?” என்று அவள் கேட்டால், “கிட்டியில்லல்லோ சேச்சி” என்று இவள் சொல்லுவாள். சரோஜம் மலையாளத்தில் கேட்டு ஞானபாய் தமிழில் பதில் சொன்னால், முகத்தைத் திருப்பிக்கொண்ட மாதிரி. கோர்ட்டில், அஞ்சலாபீசில், வைத்தியர் வீட்டில் எல்லாம் இதுதான் நடப்பு. கேட்டவர் மனம் கோணக்கூடாது, அவ்வளவுதான் அந்த ஜனங்களுக்குத் தெரியும்.

இந்த நல்ல குணம்தான் குழியும் பறித்தது.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்தொன்றில், சுதந்திரம் வந்த பிறகு முதல் தடவையாக ஜனங்களை எண்ணினார்கள். எண்ணப் போகிற வேலை வாத்தியார்கள் தலையில் விழுந்தது. ராஜையாவுக்கு அவருடைய ஊர்ப்பகுதியையே கொடுத்தார்கள். சர்க்கார் வேலை, சர்க்கார் பாஷையான மலையாளத்தில்தான் கேட்க வேண்டும் என்று அவருக்கு ஒரு பிடிவாதம். பள்ளிக்கூடத்தில் தமிழில் பாடம் நடத்துகிற சார், கக்கத்தில் கடுதாசிக் கட்டோடு வாசலில் வந்து நின்று, “மாத்ருபாஷ ஏதா?” என்று தாய்மொழியைக் கேட்டால் ஜனங்கள் என்ன செய்யும்? சாரே மலையாளத்தில் கேட்கிறாரே, அதுதான் வேண்டும் போலிருக்கிறது என்று, “மலையாளமாணே சாறே” என்றார்கள். பிள்ளையைத் தமிழில் தாலாட்டிக்கொண்டே சொன்னவர்களும் உண்டு. ராஜையா மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு, சொன்னதைச் சொன்னபடி எழுதினார். சொன்னதை எழுதுவதுதான் விதி என்று அவருக்குச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். அந்த மனிதருக்கு விதி என்றால் வேதம்.

சொந்த வீட்டுக்கும் அந்நியரைப்போல வந்து வாசலில் நின்று கேட்டார். ஞானபாய்க்கு ஒரே குஷி. முந்தானையை இழுத்துத் தோளை மூடிக்கொண்டு, பெரிய வீட்டு அம்மச்சி மாதிரி குழைந்து, “மலையாளமாணே சாறே” என்றாள். அப்போது பதினாறு முடிந்த சத்தியதாஸ் உள்ளேயிருந்து, “எனக்கு தமிழு! தமிழுண்ணு எழுதுங்கப்பா!” என்று கத்தினான். அவனுக்குத் தமிழ் என்று எழுதினார். அவளுக்கு மலையாளம் என்று எழுதினார்.

“அய்யோ, நான் தமாசுக்குல்லா சொன்னேன்” என்றாள் ஞானபாய்.

“சர்க்கார் கடுதாசியில தமாசு கிடையாது. சொன்னது சொன்னதாக்கும்.”

மூன்று பேரும் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பை நினைத்தால் பிற்காலத்தில் ஞானபாய்க்குத் தன் வாயைத் தைத்துக்கொள்ளத் தோன்றும்.

சத்தியதாஸ் இருபதை எட்டியபோது ஊர் கொதித்துக்கொண்டிருந்தது. தமிழ் பேசுகிற தாலுகாக்களை மலையாள ராஜ்யத்திலிருந்து பிரித்துத் தமிழ்நாட்டோடு சேர்க்க வேண்டும் என்று தெற்கே எல்லாம் கூட்டம், ஊர்வலம், ஹர்த்தால். வாத்தியார் பயிற்சி முடித்து, அப்பாவின் பள்ளிக்கூடத்திலேயே, சொந்த ஊர்ப் பிள்ளைகளுக்குத் தமிழில் சரித்திரம் சொல்லிக்கொடுக்க வேண்டும், அவனுக்கு இருந்தது அந்த ஒரே ஆசை. ஊர் அந்தப் பக்கம் போனால்தான் அந்தப் பள்ளிக்கூடம் நிலைக்கும் என்று அவன் நம்பினான். நெய்யாறுதான் எல்லை, ஆற்றுக்குத் தெற்கே உள்ளதெல்லாம் நம்முடையது என்று ராத்திரி கஞ்சிக்கு முன்னால் வாதாடுவான்.

“ரியோ கிராண்டே ஆறு அமெரிக்காவையும் மெக்சிகோவையும் பிரிக்கலியா? டான்யூப் ருமேனியாவையும் பல்கேரியாவையும் பிரிக்கலியா? நெய்யாறு மட்டும் என்ன பாவம் செய்தது?”

“எலே, ஆத்தைப் பாத்து கோடு போட்ட காலம் போச்சு” என்பார் ராஜையா. “முதல் யுத்தத்துக்குப் பொறவு ஷ்லெஸ்விக்கில என்ன செய்தாவ? ஜனங்ககிட்டயே கேட்டாவ. வடக்கே டென்மார்க் வேணும்ணு சொன்னாவ, அங்கோட்டு போச்சு. தெக்கே ஜெர்மனிண்ணு சொன்னாவ, இங்கோட்டு வந்தது. கேட்டதுக்கு ஜனங்க என்ன பதில் சொல்லுதோ, அதுதான் எல்லை.”

சொல்லிவிட்டு அவர் கஞ்சி கோரக் கையில் எடுத்த பிலாவிலையை அப்படியே பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கஞ்சி ஆறுகிறதே என்று ஞானபாய் சத்தம் போட்டாள். அவளுக்கு அப்போது ஒன்றும் விளங்கவில்லை.

அந்த ஆகஸ்டில்தான் தெற்கே போலீஸ் துப்பாக்கிச் சூடு நடந்தது. செத்தவர்களுக்காக இங்கே பையன்கள் ரோட்டில் ஊர்வலம் போனார்கள். சத்தியதாஸ் முன்வரிசையில் நின்றான். லத்தி அடி நெஞ்சில் விழுந்தது. வரப்பில் விழுந்து கிடந்தவனைத் தூக்கி வந்தவர்களில் சரோஜத்தின் புருஷன் கிருஷ்ணன்குட்டியும் ஒருவர். எலும்பு கூடிவிட்டது, இருமல் நிற்கவில்லை. இருமலில் ரத்தம் வந்தது. ஆஸ்பத்திரியில் கொஞ்ச காலம் வைத்துப் பார்த்துவிட்டு, வீட்டுக்குக் கொண்டுபோய் நல்லதாக ஏதாவது கொடுங்கள் என்றார்கள். நல்லதாக ஏதாவது கொடுங்கள் என்றால் என்ன அர்த்தம் என்று பெற்றவளுக்குத் தெரியாதா?

ஒரு வருஷம் அவன் கட்டிலில் கிடந்தான். அடுத்த மழையும் வந்து போயிற்று. மந்திரிசபை மாறியது, பையன்கள் மேலிருந்த கேசுகள் போயின, அவன் நெஞ்சு மட்டும் சரியாகவில்லை. சரோஜம் ஆடாதோடைக் கஷாயம் வைத்து வேலி வழியாக நீட்டுவாள். “மோன் குடிச்சோ?” என்று கேட்பாள். “குடிச்சு சேச்சி” என்பாள் ஞானபாய். குடித்திருக்கமாட்டான். அவனுக்குக் கஞ்சி இறங்குவதே பெரும்பாடு. ராஜையா கட்டிலின் காலடியில் உட்கார்ந்து நாடு கேட்பார். பதில் சொல்லிவிட்டு ஒரு வாய் குடிப்பான். மகனைத் தின்னவைக்க உலகத்தில் அத்தனை நாடு இருப்பது நல்லதாகப் போயிற்று.

“டெல்லியில எல்லை பிரிக்கப் போட்ட கமிஷன் ரிப்போர்ட் வரட்டும்பா. நம்ம ஊரு அதுல உண்டுண்ணு கேட்டுட்டா எனக்கு இந்த நெஞ்சுவலி ஒண்ணும் இல்ல” என்று சொல்லிக்கொண்டே இருந்தான். அது ஒன்றுக்காகத்தான் மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்கிறான் என்று ஞானபாய்க்குத் தோன்றும். கர்த்தாவே, அந்தப் பாழாய்ப்போன கோட்டை நெய்யாற்றிலேயே போட்டுவிடு, உமக்கு என்ன நஷ்டம் என்று ஜெபம் பண்ணுவாள்.

ஐம்பத்தைந்து அக்டோபரில் ரிப்போர்ட் வந்தது. உதியன்குளங்கரைச் சாயாக்கடைக்குப் பேப்பர் பார்க்கப் போன ராஜையா வெயில் சாய்ந்துதான் திரும்பினார். வந்தவர் வீட்டுக்குள் நுழையாமல் பின்பக்கமாகச் சுற்றிக் கிணற்றடிக்குப் போனார். ஞானபாய் பானையை வைத்துவிட்டு ஓடினாள்.

“என்ன ஆச்சு? சொல்லுங்க.”

“தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு. நாலும் அங்கோட்டு. நெய்யாற்றின்கரை இங்கதான்.”

“நம்ம ஊரு?”

“நம்ம ஊரு நெய்யாற்றின்கரைல்லா. களியக்காவிளையோட கோடு நிக்குது.” அவர் கிணற்றுச் சுவரைப் பிடித்துக்கொண்டார். “இங்க மலையாளம் பேசுத ஆளுதான் கூடுதலாம். ஜனத்தொகைக் கணக்கு பாத்து சொல்லுதாவ.”

ஞானபாய்க்கு முதலில் புரியவில்லை. பிறகு அவர் முகத்தைப் பார்த்துப் புரிந்தது.

“நான் எழுதினதாக்கும் அந்தக் கணக்கு” என்றார் ராஜையா. “ஒவ்வொரு வீடா ஏறி இறங்கி, எனக்க கையால எழுதினேன். எனக்கு அவியளுக்க வீட்டுப் பாஷை தெரியாதா? ஞாயிற்றுக்கிழமை கோயில்ல எந்தப் பாஷையில பாடுவாவண்ணு தெரியாதா? தமிழ்ல ஒரு தடவ கேட்டிருந்தா தமிழுண்ணு சொல்லியிருப்பாவ. எனக்கு விதி பெருசாப்போச்சு.”

“உங்க ஒரு கணக்குனாலயா தாலுகா போச்சு?”

“இல்ல. அது போகாதுதான். நம்ம பகுதி முழுக்க தமிழுண்ணு எழுதியிருந்தாலும் தாலுகா இந்தப் பக்கம்தான் நிண்ணிருக்கும். கணக்கு எனக்குத் தெரியும். ஆனா அவன்கிட்ட நான் என்ன முகத்தை வச்சுட்டுப் பேச?”

ஞானபாய் அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். முந்தானையை இழுத்து மூடிக்கொண்டு குழைந்து குழைந்து சொன்ன அந்த வார்த்தை அவள் காதில் மறுபடியும் கேட்டது. ஊர் சொன்னது மரியாதைக்கு. அவள் சொன்னது விளையாட்டுக்கு. எந்த மண்ணுக்காகப் பிள்ளை நெஞ்சில் அடி வாங்கினானோ, அந்த மண் உனதல்ல என்று பெற்றவளே வாசலில் நின்று சொல்லியிருக்கிறாளே! வாயில் போட்டு அடித்துக்கொண்டாள். ராஜையா அவள் கையைப் பிடித்துத் தடுத்தார்.

உள்ளேயிருந்து இருமல் கேட்டது. “அப்பா வந்தாச்சா அம்மே?” என்று குரல்.

ஞானபாய் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். “நெய்யாறுண்ணு சொல்லுங்க” என்றாள்.

“என்னது?”

“எல்லை நெய்யாறுண்ணு அவன்கிட்ட சொல்லுங்க. அவன் இனி எழும்பிப் பேப்பர் பாக்கப் போறதில்ல. யாரும் வந்து சொல்லாம நான் பாத்துக்கிடுதேன்.”

“நான் இதுவரைக்கும் அவனுக்குத் தப்பா ஒரு நாடு சொல்லிக்குடுத்தது கிடையாது, ஞானபாய்.”

“ஒண்ணு சொன்னா உலகம் இடிஞ்சு விழாது. அவன் நிம்மதியா போகட்டும்.” போகட்டும் என்று சொல்லிவிட்ட வாயை ஒரு கணம் முந்தானையால் பொத்தினாள். “உங்க காலப் பிடிக்கேன். எனக்க பிள்ளைக்கு ஒரு பொய்ய குடுங்க.”

ராஜையா முகத்தைக் கழுவினார். வேட்டித் தலைப்பால் துடைத்தார். பள்ளிக்கூடத்துக்குள் நுழைகிறவர் மாதிரி நிமிர்ந்து நடந்து கட்டிலுக்குப் பக்கத்தில் போய் நின்றார். ஞானபாய் கஞ்சிக் கிண்ணத்தோடு கதவோரம் நின்றாள்.

“ரிப்போர்ட் வந்ததாப்பா?”

“வந்தது மக்கா.”

“நம்ம ஊரு?”

“உண்டு.”

சத்தியதாஸின் கண் விரிந்தது. ஒட்டிப்போன கன்னத்தில் ஒரு வெளிச்சம் வந்தது. “எல்லை எதுப்பா?”

“நெய்யாறு” என்றார் ராஜையா.

“ஆத்துக்குத் தெக்கே எல்லாமுமா?”

“எல்லாம்.”

“அதியன்னூரும் நம்ம பக்கமா?”

அதியன்னூர் நெய்யாற்றுக்கு வடகரை என்று தெரியாத பூகோள வாத்தியார் அந்தத் தாலுகாவில் இருக்க முடியாது. ராஜையா சுவரைப் பார்த்தார். உத்தரத்தைப் பார்த்தார். “ஆமா” என்றார். பிறகு, “இல்ல, அது… அந்தப் பக்கம் கொஞ்சம், இந்தப் பக்கம் கொஞ்சம்” என்றார். நாற்பது பிள்ளைகளுக்கு முன்னால் ஒருநாளும் தடுமாறாத நாக்கு, சொந்தப் பிள்ளைக்கு முன்னால் தடுமாறியது.

சத்தியதாஸ் அப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு தலையைத் திருப்பிக் கதவோரம் நின்ற அம்மையைப் பார்த்தான். அவள் கண் சிவந்திருந்ததைப் பார்த்தான். அவன் கன்னத்தில் வந்த வெளிச்சம் மெல்ல அணைந்ததை ஞானபாய் நின்ற இடத்திலிருந்தே கண்டாள். ஆனால் அவன் சிரித்தான். சின்ன வயதில் புரை ஏறுவதற்கு முன்னால் வருமே, அந்தச் சிரிப்பு.

“தேங்காப்பட்டணம்” என்றான்.

ராஜையா அப்படியே கட்டிலில் உட்கார்ந்து, அவன் காலில் முகத்தை வைத்துக்கொண்டார். அவர் தோள் குலுங்கியது. சத்தியதாஸ் எட்டி அவர் தலையைத் தொட்டான்.

“பரவாயில்லப்பா. நீங்க தப்புப் பதில் சொல்லியாச்சு, உங்களுக்குக் கடைசியிலதான் கஞ்சி. அம்மே, எனக்கு மொதல்ல தா” என்று வாயைத் திறந்தான். மூன்று வாய் குடித்தான். நாலாவது இறங்கவில்லை.

அந்த மாதம் முடியுமுன் அவன் போய்விட்டான். செய்தி கேட்டு வேலியைச் சுற்றி வரப் பொறுக்காமல், முள்ளை விலக்கிக்கொண்டே சரோஜம் வந்தாள். ஞானபாயைக் கட்டிக்கொண்டு, “அழாதே ஞானபாய், நான் இருக்கேன், நான் இருக்கேன்” என்று தமிழில் சொன்னாள். இத்தனை வருஷத்தில் அவள் தமிழில் பேசியது அதுதான் முதல் தடவை. ஞானபாய்க்குத் தமிழிலும் வரவில்லை, மலையாளத்திலும் வரவில்லை. சரோஜத்தின் தோளைக் கடித்துக்கொண்டு ஊளையிட்டாள்.

அடுத்த வருஷம் நவம்பர் முதல் தேதி, களியக்காவிளைக்கு அந்தப் பக்கம் தமிழ்நாட்டோடு சேர்ந்ததைக் கொண்டாடி வெடி போட்டார்கள். சத்தம் காற்றில் உதியன்குளங்கரை வரைக்கும் வந்தது. அன்று முதல் தேங்காப்பட்டணம் வேறு ராஜ்யம். ஞானபாயின் பிறந்த வீடும் வேறு ராஜ்யம். அவள் மகனின் கல்லறை இந்த ராஜ்யம்.

மகன் போனதிலிருந்து ராஜையா நாடு கேட்பதை விட்டிருந்தார். பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்துவார், வீட்டில் வாய் திறக்கமாட்டார். கஞ்சி வைத்தால் பாதி மீந்துவிடும். அன்றைக்குப் பாதி அல்ல, முழுவதுமே அப்படியே இருந்தது. வெடிச் சத்தம் வரும் திசையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். வேட்டிக்குள்ளே முழங்கால் எலும்பு துருத்திக்கொண்டு தெரிந்தது. இந்த மனிதரையும் கொடுத்துவிடப் போகிறேனா என்று ஞானபாய்க்குப் பயம் வந்தது. எதிரே போய் உட்கார்ந்தாள்.

“ஒரு நாடு கேளுங்க” என்றாள்.

அவர் மாட்டேன் என்று தலையை ஆட்டினார்.

“அப்பம் நான் கேக்கேன். பெருவுக்குத் தலைநகரம் எது?”

அவர் தரையைப் பார்த்தபடியே, “தேங்காப்பட்டணம்” என்றார்.

“தப்பு” என்றாள் ஞானபாய். “லிமா.”

ராஜையா நிமிர்ந்து பார்த்தார்.

“நார்வேக்கு ஆஸ்லோ. பொலிவியாவுக்கு ரெண்டு, சூக்ரேயும் லா பாஸும். மடகாஸ்கருக்குள்ளது நீளமா ஒரு பேரு, அதுவும் எனக்குத் தெரியும்.”

“எப்பம் படிச்சே?”

“நீங்க சொல்லிச் சொல்லிக் கேட்டதுதான். அரிசி காணாத காலம்லா அது. பதிலு சரியாச் சொன்னா எனக்கும் பங்கு வைக்கணும். தப்பாச் சொன்னா உங்க ரெண்டுபேருக்கும் கூட ஒரு அகப்பை வரும். அவனும் சிரிப்பான். அவன் சிரிக்கதுக்குண்ணு நான் எத்தனையோ தப்பு சொன்னேன். வாசல்ல நிண்ணு சொன்னதையும் அப்படித்தான் சொன்னேன், அது மட்டும் கடுதாசியில ஏறிப்போச்சு.”

ராஜையா கையை நீட்டி, தன் முன்னால் இருந்த கஞ்சியை மெதுவாக அவள் பக்கம் நகர்த்தி வைத்தார். “சரியாச் சொன்னவங்களுக்குத்தான் மொதல்ல” என்றார். “குடி.”

இருபத்துமூன்று வருஷக் குடித்தனத்தில் அந்த வீட்டில் ஞானபாய் முதலில் சாப்பிட வேண்டிய நாள் அது. பிலாவிலையில் கஞ்சியை அள்ளி வாய்வரைக்கும் கொண்டுபோனாள். அடுத்த கேள்வி கேட்க மகன் இல்லாத அந்த இடத்தைப் பார்த்தாள். அவளால் குடிக்க முடியவில்லை.